போர் விமானம் வீட்டின் மேல் விழுந்தால் என்ன கோட்? ஒரு கோடிங் மென்பொருளை உரசிப் பார்த்தேன்

ஆறு வாரமாக இந்த மெடிக்கல் கோடிங் மென்பொருளில்தான் சார்ட் (நோயாளியின் மருத்துவப் பதிவு) பார்க்கிறேன். பெயரைச் சொல்லப் போவதில்லை, சொன்னால் நான் எந்த கம்பெனி, எந்த ஃப்ளோர் என்று டீம் லீட் அரை மணி நேரத்தில் கண்டுபிடித்துவிடுவார். அமெரிக்க மருத்துவமனைகளின் எமர்ஜென்சி சார்ட்களைச் சென்னையில் உட்கார்ந்து ராத்திரி முழுக்க கோட் பண்ணுகிற, அதாவது ஒவ்வொரு நோய்க்கும் காயத்துக்கும் உரிய குறியீட்டைப் போடுகிற பெருங்கூட்டத்தில் நானும் ஒருத்தி, அவ்வளவு தெரிந்தால் போதும்.

காய்ச்சல், சர்க்கரை, நெஞ்சுவலி எல்லாம் எந்தக் கருவியும் சொல்லிவிடும். அது உண்மையிலேயே தேறுமா என்று பார்க்க எக்ஸ்டர்னல் காஸ் கோட்களில், அதாவது காயம் எப்படி ஏற்பட்டது என்று சொல்லும் கோட்களில், மூலையில் கிடக்கும் எதையாவது தேடச் சொல்ல வேண்டும். நான் எடுத்துக்கொண்டது, ராணுவ விமானத்தால் காயம்பட்ட பொதுமக்கள். ஜெட் எஞ்சினுக்குள் இழுக்கப்பட்டவருக்குத் தனிக் கோட் இருப்பதை வைத்து மீம் போட்டுச் சிரிப்பார்கள், அதுவும் வி97 என்ற இதே விமான விபத்துக் குடும்பம்தான். ஆனால் இது சிரிக்கிற விஷயம் இல்லை. 2012 ஏப்ரல் 6, குட் ஃப்ரைடே அன்று வர்ஜீனியா பீச்சில் அமெரிக்கக் கடற்படையின் எஃப்/ஏ-18 ஒன்று பயிற்சிக்காகக் கிளம்பிய சில நிமிடங்களில் அடுக்குமாடிக் குடியிருப்பின் மேல் விழுந்தது. ஒருவர்கூடச் சாகவில்லை, காயம்பட்ட ஏழு பேரில் இருவர் விமானிகள். 2008 டிசம்பரில் சான் டியாகோவில் அதே ரக விமானம் விழுந்தபோது அந்த அதிர்ஷ்டம் இல்லை, வீட்டுக்குள் இருந்த நான்கு பேர் போய்விட்டார்கள்.

சரி, சோதனைக்கு வருகிறேன். வர்ஜீனியா பீச் மாதிரி ஒரு கற்பனை சார்ட் எழுதினேன். அடுக்குமாடிக் குடியிருப்பின் சமையலறையில் நின்றிருந்த பெண், வலது முன்கையில் இரண்டாம் நிலைத் தீக்காயம், அதோடு புகையையும் சுவாசித்திருக்கிறார். 2012-இல் ஐசிடி-9 என்ற பழைய கோட் பட்டியலின் காலம், இப்போதைய ஐசிடி-10-சிஎம் 2015 அக்டோபர் 1-இல்தான் நடைமுறைக்கு வந்தது. அதனால் இன்றைய கணக்கில் போட்டுப் பார்த்தேன்.

காயத்தைப் பொறுத்தவரை மென்பொருளுக்கு முழு மதிப்பெண். முன்கைக்கு டி22.211ஏ, தீக்காயத்தின் பரப்பு பத்து சதவீதத்துக்குக் கீழே என்பதற்கு டி31.0, புகைக்கு டி59.811ஏ, மூன்றும் கண் இமைக்கும் நேரத்தில் வந்தன. சமையலறைக்கான இடக் கோட் ஒய்92.030-ஐ நான் கேட்காமலே நீட்டியது. வேகத்தில் அச்சிட்ட கோட் புத்தகம் கிட்டவே நிற்க முடியாது, ஒரு நாள் டார்கெட்டுக்கு ஓடுகிறவர்களுக்கு இது பெரிய வரம்.

அப்புறம் ‘மிலிட்டரி ஏர்கிராஃப்ட்’ என்று தட்டினேன். முதல் வரியிலேயே வி97.811, ‘ராணுவ விமானத்தால் காயமடைந்த பொதுமகன்’. பக்கத்தில் பச்சை டிக் வேறு. அந்தப் பச்சை டிக்தான் என் பிரச்சினை. அதைப் பார்த்ததும் மூளை ‘முடிந்தது, அடுத்த சார்ட்’ என்கிறது.

முடியவில்லை. ஒய்37 என்று இன்னொரு பிரிவு இருக்கிறது, போர் அல்லாத ராணுவ நடவடிக்கைகளுக்கானது. அமைதிக் காலத்தில் ராணுவ இடத்திலும் வழக்கமான பயிற்சிகளின்போதும் படையினருக்கும் பொதுமக்களுக்கும் ஏற்படும் காயங்கள் அதில் அடங்கும் என்று தலைப்புக்குக் கீழேயே எழுதியிருக்கிறது. அதில் விமானம் அழிந்த சம்பவங்களுக்கு ஒய்37.1 உண்டு, விவரம் தெரியாவிட்டால் படைவீரருக்கு ஒய்37.100, பொதுமக்களுக்கு ஒய்37.101. பயிற்சி விமானம்தானே விழுந்தது, அப்போது இதுவா அதுவா? அதே ஒய்37-இன் எக்ஸ்க்ளூட்ஸ் 1 குறிப்பு (இந்தப் பிரிவில் சேராதவை எவை என்று சொல்வது), ராணுவ விமானமும் சிவில் விமானமும் மாட்டிக்கொண்ட விபத்தை வி97.81-க்கு அனுப்புகிறது. அடுக்குமாடியில் சமைத்துக்கொண்டிருந்தவரைப் பற்றி அந்தக் குறிப்பு வாயே திறக்கவில்லை.

நான் வி97.811 பக்கம்தான். அதன் தலைப்பு ஆளையும் காரணத்தையும் நேராகச் சொல்கிறது, குடியிருப்பு ராணுவ இடமும் இல்லை. நாங்கள் போடும் கோட்களைச் சரிபார்க்கும் ஆடிட்டர் ஒய்37.101 என்று ஒற்றைக் காலில் நின்றார், டீ ஆறிப்போகும்வரை பேசினோம். யார் சரி என்பதைவிட, இந்த வாதமே புத்தகம் திறந்திருந்ததால்தான் வந்தது என்பதைத்தான் சொல்ல வருகிறேன். புத்தகத்தின் கோட் வரிசைப் பட்டியலான டேபுலரில் விரலை வைத்தால் மேலே இருக்கும் தலைப்பும் குறிப்பும் கண்ணில் படாமல் போகாது. மென்பொருளில் அவற்றைப் பார்க்க மூன்று கிளிக், அதுவும் ‘மேலும்’ என்ற எறும்பு அளவு எழுத்துக்குப் பின்னால். யார் சொடுக்கப் போகிறார்கள்?

சிகிச்சை எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்று காட்டும் ஏழாவது எழுத்திலும் ஒரு கோளாறு. ஏ என்றால் ‘முதல் வருகை’ என்று குறிப்பு காட்டுகிறது. தப்பு. ஏ என்பது சிகிச்சை தீவிரமாக நடக்கும் காலம் முழுவதற்கும், மூன்றாவது வாரம் தோல் ஒட்டு அறுவை செய்தாலும் ஏ-தான். ஆறிவரும் காலத்துக்கு டி (T அல்ல, D), பின்விளைவுக்கு எஸ். புதிதாகச் சேர்ந்த பிள்ளைகள் இந்தக் குறிப்பை நம்பினால் மாதக் கடைசியில் கியூஏ (தரச் சோதனை) எர்ரர் ஷீட் சிவந்துவிடும். ஒன்றைப் பாராட்ட வேண்டும், வி97.811-இல் ஆறு இடமும் நிரம்பிவிட்டதால் காலி இடத்தை நிரப்பும் எக்ஸ் தேவையில்லை, ஜெட் எஞ்சின் கோடான வி97.33-க்கு எக்ஸ் போட்டுத்தான் ஏ வரும். இந்த இடத்தில் மென்பொருள் சறுக்கவே இல்லை, கையால் போடுகிற நாங்கள்தான் சறுக்குவோம்.

வரிசையும் கொஞ்சம் சொதப்பல். கட்டடத் தீக்கான எக்ஸ்00-ஐ மேலே வைத்து விமானத்தைக் கீழே தள்ளியது. வன்கொடுமை, பயங்கரவாதம், பேரிடர் இவற்றை விட்டால் போக்குவரத்து விபத்துதான் முன்னால் வர வேண்டும் என்பது விதி. இழுத்து மாற்றினேன், எச்சரிக்கை எதுவும் வரவில்லை. எக்ஸ்டர்னல் காஸ் கோடை முதல் கோடாகப் போட முயன்றபோது மட்டும் சிவப்பாகக் கத்தியது, அது வரைக்கும் நல்லது.

‘காசு வராத கோடுக்கு இவ்வளவு ஆராய்ச்சியா’ என்று பக்கத்து சீட்டில் கேட்டார்கள். எக்ஸ்டர்னல் காஸ் கோட் அமெரிக்கா முழுக்கக் கட்டாயம் இல்லைதான், மாநிலமோ காப்பீட்டு நிறுவனமோ கேட்டால்தான் போட்டாக வேண்டும். ஆனால் விமானத் தளத்தைச் சுற்றிக் குடியிருப்பவர்களுக்கு என்ன ஆகிறது என்று நாளைக்கு யாராவது எண்ணிப் பார்க்க நினைத்தால் கையில் கிடைப்பது இந்த ஆறேழு எழுத்துகள்தான். அதுவும் பிழைத்தவர்கள் கணக்கு மட்டும். 2025 ஜனவரியில் வாஷிங்டனில் ராணுவ ஹெலிகாப்டரும் பயணிகள் விமானமும் மோதி 67 பேரும் இறந்தார்களே, அப்படி இடத்திலேயே போனவர்களுக்கு எங்கள் வரிசையில் சார்ட்டே வராது.

ஐந்துக்கு மூன்று. டார்கெட் நாட்களில் இதைத்தான் திறப்பேன், சந்தா கம்பெனி கட்டுவதால் குறை சொல்ல வாயும் வராது. சொந்தக் காசு போட்டு வாங்க நினைக்கிறவர்கள், குறிப்புகளை முதல் திரையிலேயே காட்டும் பதிப்பு வரும்வரை பொறுங்கள். ஓரம் மடிந்த என் புத்தகம் இன்னும் கீபோர்டுக்குப் பக்கத்தில்தான் இருக்கிறது, ஒய்37 பக்கத்தில் புதிதாக ஒரு மஞ்சள் ஸ்டிக்கரோடு.