இரண்டு இன்புட், ஐந்து பேர், பக்கத்தில் எட்டுத் தறி: எங்கள் காலேஜ் பேண்டின் ஐந்து வருட அனுபவம்

2020 ஜனவரியில், முதல் வருடம் இரண்டாவது செமஸ்டரில், ஐந்து பேர் ஆளுக்கு 1,800 ரூபாய் போட்டு ஒரு யூஎஸ்பி ஆடியோ இன்டர்பேஸை செகண்ட் ஹேண்டில் வாங்கினோம். மைக்கையும் கிடாரையும் லேப்டாப்போடு இணைத்துப் பதிவு செய்ய உதவும் பெட்டி அது. அதில் இரண்டே இன்புட்தான், அதாவது ஒரே நேரத்தில் இரண்டைத்தான் செருகலாம். ஐந்து பேர் வாசிக்கிற ராக் பேண்டுக்கு இது எப்படித் தம்பி போதும் என்று விற்றவரே கேட்டார். பெரிய பெட்டிக்குக் காசில்லை, அவ்வளவுதான் காரணம். பிராண்டு பெயர் வேண்டாம், அந்த விலையில் கிடைப்பவை எல்லாம் ஏறக்குறைய ஒரே ஜாதி. ஐந்து வருடத்துக்கு மேல் அந்தப் பெட்டியோடும், அதை வைத்து யூடியூபிலும் இன்ஸ்டாவிலும் ஆள் சேர்க்க நாங்கள் பட்ட பாட்டோடும் இருந்துவிட்டேன். ஜூனியர்கள் கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள், அதனால் எழுதிவிடுகிறேன்.

வாங்கி இரண்டு மாதத்தில் ஊரடங்கு. வீடியோ காலில் ஜாமிங் செய்யலாம் என்று ஒரு நாள் முயன்றோம். ஒலி நொடிக்குச் சுமார் 343 மீட்டர் போகும். மேடையில் மூன்றரை மீட்டர் தள்ளி உட்கார்ந்திருக்கும் டிரம்மரின் அடி நம் காதுக்கு 10 மில்லிசெகண்ட் தாமதமாக வரும், அதற்கு உடம்பு பழகிவிடும். வீடியோ காலில் தாமதம் சர்வசாதாரணமாக நூறைத் தாண்டும். கால் மைதானம் தள்ளி நிற்கிறவனோடு தாளம் போடுகிற கதை. ஒருவருக்காக ஒருவர் காத்து, பாட்டு மெதுவாகிக்கொண்டே போய் நின்றேவிட்டது. அப்புறம் பஸ் ஓட ஆரம்பித்ததும் பெட்டியைத் துணிப்பையில் கட்டி, பொள்ளாச்சி பஸ் கண்டக்டரிடம் கொடுத்தனுப்பி, ஆளுக்கு ஒரு வாரம் என்று முறை வைத்துப் பதிவு செய்தோம். அந்தப் பயணத்தில் இரண்டு முறை கீழே விழுந்திருக்கிறது. ஒன்றும் ஆகவில்லை.

அந்த வருடம் போட்டதெல்லாம் கவர் பாடல்கள் (அடுத்தவர் பாட்டை நாங்கள் வாசிப்பது), முக்கால்வாசி சினிமாப் பாட்டு. தேடிவரும் கூட்டம் அங்கேதான் இருக்கிறது என்பது உண்மைதான். ஆனால் பதிவான பாட்டுகளோடு ஒப்பிட்டுப் பார்க்கும் யூடியூபின் கன்டென்ட் ஐடி என்ற அமைப்பு, பாட்டின் உரிமையாளர் சார்பில் உரிமை கோரிவிடும். வீடியோ பெரும்பாலும் அப்படியே இருக்கும், விளம்பர வருமானம் அவர்களுக்குப் போகும். அதில் எங்களுக்கு வருத்தமில்லை, அவர்கள் பாட்டுதானே. வருத்தம் வேறு. ஒரு கவருக்கு வந்தவர்கள் அடுத்த கவருக்கு வரவில்லை. அவர்களுக்கு அந்தப் பாட்டு வேண்டும், அதை யார் வாசித்தால் என்ன? காலேஜ் கலைவிழாவான கல்ச்சுரல்ஸ் மேடையில் கவர் கைதட்டல் வாங்கித் தரும், சேனலில் ஆள் தங்காது. பக்கத்து மாநிலத்தில் அவியல் பேண்டுக்காரர்கள் மலையாளத்திலேயே ராக் பாடி 2008-லேயே முழு ஆல்பம் போட்டுவிட்டார்கள். நாங்கள் 2021 வரை அடுத்தவர் பாட்டைத் தேய்த்துக்கொண்டிருந்தோம்.

காலேஜ் திறந்ததும் சொந்தப் பாட்டு. உடனே வந்த பிரச்சினை டிரம்ஸ். ஹாஸ்டலில் கிடாரும் பேஸும் நேராகப் பெட்டியில் செருகி, ஹெட்போன் மாட்டி, நள்ளிரவிலும் பதிவு செய்யலாம். வார்டனுக்கே தெரியாது. டிரம்ஸை எங்கே கொண்டுபோய் அடிப்பது? டிரம்மரின் பெரியப்பாவுக்குச் சோமனூர் பக்கத்தில் தறிக்குடோன் இருக்கிறது. முன்னால் எட்டு விசைத்தறி, பின்னால் நூல் மூட்டை அடுக்கிய பழைய அறை. அந்த அறையைக் கொடுத்தார். நூல் மூட்டைகள் சத்தத்தைக் குடித்துவிடும். கடையில் விற்கும் ஃபோமைவிட நன்றாக வேலை செய்தது என்று இன்றும் சொல்வேன்.

ஆனால் சுவருக்கு அந்தப் பக்கம் எட்டுத் தறி. டடக் டடக் என்று ஓடுகிற தறி மைக்கில் விழாமல் இருக்க வழியே இல்லை. போர்வை தொங்கவிட்டோம், ஜன்னலில் அட்டை அடைத்தோம், சாஃப்ட்வேரில் நாய்ஸ் ரிடக்‌ஷன் போட்டுப் பார்த்தோம். தறிச் சத்தம் கொஞ்சம் போனது, கூடவே டிரம்ஸில் உள்ள சிம்பல் தட்டின் சத்தமும் போய், தகரத்தில் மழை பெய்கிற மாதிரி ஆகிவிட்டது.

வழி காட்டியது மின்வாரியம். மாதாந்திரப் பராமரிப்பு மின்தடை என்று பேப்பரில் போடுவார்களே, காலை 9 மணி முதல் மாலை 4 மணி வரை, அன்றைக்குத் தறி ஓடாது. இன்டர்பேஸுக்குத் தனி மின்சாரம் வேண்டாம், லேப்டாப்பின் யூஎஸ்பியே போதும். டிரம்ஸுக்கும் தொண்டைக்கும் கரண்டே தேவையில்லை. ஆக மாதத்தில் ஒரு நாள் எங்களுக்கு இலவச ஸ்டூடியோ. வகிடெடுத்து வேலையைப் பிரித்தோம்: முதல் நாள் ராத்திரி ஹாஸ்டலில் கிளிக் டிராக்கோடு (தாளம் பிசகாமலிருக்க ஹெட்போனில் ஓடும் டிக் டிக்) கிடார், மறுநாள் கரண்டு கட் ஆன குடோனில் டிரம்ஸும் குரலும். பெரியப்பா ஒரு தடவை எட்டிப் பார்த்துவிட்டு, "கரண்டு போனாத்தான் உங்களுக்குப் பாட்டு வருமாட்ட இருக்குது கண்ணு" என்றார்.

இரண்டு இன்புட்டில் டிரம்ஸ் எடுப்பது பற்றிக் கொஞ்சம். ஒரு மைக்கை டிரம்மரின் வலது தோளுக்கு மேலே, நடுவில் இருக்கும் சின்ன டிரம்மான ஸ்னேரைப் பார்த்த மாதிரி. இன்னொன்று காலால் அடிக்கும் கிக் டிரம்முக்கு ஒரு ஜாண் முன்னால். அவ்வளவே. டாம் என்ற மற்ற டிரம்கள் கேட்கவில்லை என்றால் மைக்கைத் தேடாதீர்கள், டிரம்மரை டாமில் பலமாக அடிக்கச் சொல்லுங்கள். பின்னால் மிக்ஸிங்கில் திருத்தலாம் என்ற வாய்ப்பே இல்லாததால் எங்கள் டிரம்மர் ஒரே வருடத்தில் கை தேறிவிட்டார். எட்டு இன்புட் இருந்திருந்தால் அவர் இன்னும் சிம்பலைத் தாம்பாளம் மாதிரி தட்டிக்கொண்டிருப்பார். கண்டன்சர் வகை மைக்குக்குக் கேபிள் வழியே பெட்டி கொடுக்கும் 48 வோல்ட் மின்சாரத்தை (பேன்டம் பவர்) போட்டால் லேப்டாப் பேட்டரி வேகமாக இறங்கும், இன்னொரு லேப்டாப்பைச் சார்ஜ் ஏற்றிக் கையோடு கொண்டுபோங்கள். பதிவுக்கு நாங்கள் பயன்படுத்தும் சாஃப்ட்வேர் ரீப்பர். 60 நாள் முழுசாகப் பயன்படுத்திப் பார்க்க விடுவார்கள், அப்புறம் தனிநபர் உரிமம் 60 டாலர். எங்கள் 60 நாள் எத்தனை மாதம் நீண்டது என்று கேட்காதீர்கள். 2022-இல் வாங்கிவிட்டோம்.

முதல் சொந்தப் பாட்டை முடிந்த அளவுக்குச் சத்தமாக மாஸ்டர் செய்து (மிக்ஸிங்குக்குப் பின் கொடுக்கும் கடைசி மெருகு) ஏற்றினோம். யூடியூபில் கேட்டால் மற்றவர்கள் பாட்டைவிடச் சப்பையாக இருந்தது. வீடியோவில் ரைட் கிளிக் செய்து ஸ்டாட்ஸ் ஃபார் நெர்ட்ஸ் என்ற விவரப் பட்டியலைப் பார்த்தபோதுதான் விஷயம் புரிந்தது. எல்யூஎஃப்எஸ் என்ற சத்த அளவு அலகில் சுமார் மைனஸ் 14-க்கு மேல் சத்தம் இருந்தால் யூடியூபே குறைத்துவிடுகிறது. நாங்கள் நசுக்கி ஏற்றிய சத்தத்தை அது இறக்கிவிட, மிச்சம் நசுங்கல் மட்டும். இன்னொன்று, கேட்கிறவர்களில் பெரும்பாலானோர் கேட்பது போன் ஸ்பீக்கரில். பேஸ் கிடாரின் தடித்த கம்பி 41 ஹெர்ட்ஸ். போன் ஸ்பீக்கருக்கு அது எட்டாக்கனி. எங்கள் பேஸிஸ்ட்டின் அம்மா வீடியோவைப் பார்த்துவிட்டு, "நீ சும்மா நிக்கறியா, இல்ல வாசிக்கறியா?" என்று கேட்டார்கள். அன்று முதல் பேஸில் கொஞ்சம் டிஸ்டார்ஷன் (ஒலியைக் கரகரப்பாக்கும் எஃபெக்ட்) சேர்த்துவிடுகிறோம். மேல் சுரங்கள் எழும்புவதால் போனிலும் ஆள் இருப்பது தெரியும்.

சரி, ஆள் சேர்ந்த கதைக்கு வருகிறேன். 2022-இல் ஒரு கரண்டு கட் நாள். மணி நாலாகப் பத்து நிமிடம், கடைசி டேக். மெதுவான பாட்டு, கடைசி வரியைப் பாடகி இழுத்துக்கொண்டிருக்கிறார், கரண்டு சீக்கிரமே வந்துவிட்டது. முன்னால் ஒரு தறி ஓட ஆரம்பித்தது. அப்புறம் இரண்டாவது. மூன்றாவது. அவர் நிறுத்தவில்லை. குரல் அடங்க அடங்க எட்டுத் தறியும் ஏறி அறையை நிறைத்துவிட்டது. வீடியோவில் நாங்கள் எல்லாரும் சிரிக்கிறோம். அதை வெட்டிவிட்டு வேறு டேக்கின் முடிவை ஒட்டவேண்டும் என்றுதான் பேச்சு. எடிட்டிங் பொறுப்பு பேஸிஸ்ட்டுக்கு, அவருக்கு மறுநாள் அரியர் பரீட்சை. அப்படியே ஏற்றிவிட்டுத் தூங்கிப்போனார்.

ஒரு மாதத்தில் அந்த வீடியோவுக்கு வந்த கமெண்டுகள் அதுவரை எல்லாவற்றுக்கும் சேர்த்து வந்ததைவிட அதிகம். பல்லடம், திருப்பூர், ஈரோடு, பள்ளிபாளையம். தறி வீட்டில் வளர்ந்து வேலைக்காக வெளியூர் போனவர்கள். இந்தச் சத்தம் இல்லாமல் தூக்கம் வராது என்று ஒருவர், அப்பா தறியை விற்றுவிட்டார் என்று இன்னொருவர். யூடியூப் தேடலோ ஹாஷ்டேகோ செய்யாததை வீட்டு வாட்ஸ்அப் குரூப்புகள் செய்தன.

நாங்கள் உடனே பேராசைப்பட்டோம். அந்த முப்பது வினாடியை ரீலாக வெட்டிப் போட்டதில் மூன்று லட்சம் பார்வை. சேனலுக்கு வந்தவர்கள் நானூறு பேர்கூட இல்லை. சரி, இன்னும் நாலு போடுவோம் என்று தறிக்கு முன்னால் நின்று கிடாரை ஆட்டி ஆட்டி எடுத்தோம். ஒன்றும் ஓடவில்லை. வேலை கெடுகிறது என்று தறி ஓட்டும் அக்கா சத்தம் போட்டார், நியாயம்தான். அதோடு ரீல்ஸை வாரம் ஒன்றுக்கு மேல் தொடுவதில்லை. 2020 ஜூனில் டிக்டாக் தடையாகி, ஜூலையில் இங்கே ரீல்ஸ் வந்ததிலிருந்து அதை நம்பிப் பேண்டு நடத்துகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். வியூ இருக்கும், நிகழ்ச்சிக்கு ஆள் இருக்காது.

நிலைத்து நின்றது வேறொரு சின்ன வேலை. திருப்பூரிலிருந்து ஒரு மாணவி அந்தப் பாட்டுக்குக் கார்ட்ஸ் (எந்த இடத்தில் எந்தச் சுரக்கூட்டு என்ற குறிப்பு) கேட்டார். எழுதிக் கொடுத்தோம். கிடார் இல்லாத டிராக் கிடைக்குமா என்று அடுத்து கேட்டார். ரீப்பரில் ஒரு டிராக்கை ம்யூட் செய்து ஏற்றுமதி செய்ய இரண்டு நிமிடம். அன்றிலிருந்து ஒவ்வொரு பாட்டுக்கும் கார்ட்ஸ், கிடார் இல்லாத டிராக், டிரம்ஸ் இல்லாத டிராக் மூன்றையும் இலவசமாகப் போடுகிறோம். வாசித்துப் பழகுகிறவர் ஒரு பாட்டை நாற்பது தடவை கேட்கிறார், நண்பனையும் இழுத்து வருகிறார். இன்று சேனலில் சுமார் ஏழாயிரம் பேர். திருப்பூரில் டிக்கெட் போட்டு நடத்தியபோது தொண்ணூறு பேர் வந்தார்கள், பாதிக் கூட்டத்துக்கு விரல் நுனி காய்த்திருந்தது.

பணம் என்று பார்த்தால் சொல்லிக்கொள்ள ஒன்றுமில்லை. யூடியூபில் நீள வீடியோ மூலம் விளம்பர வருமானத்துக்கு 1,000 சப்ஸ்கிரைபரும் ஒரு வருடத்தில் 4,000 மணி நேரப் பார்வையும் வேண்டும், சேர்ந்த தொகை 100 டாலரைத் தொட்டால்தான் கைக்கு வரும். ஸ்பாட்டிஃபையில் 2024 முதல் ஒரு பாட்டு 12 மாதத்தில் 1,000 தடவை ஓடாவிட்டால் ராயல்டி கணக்கிலேயே வராது. அதைவிடப் பெரிய அடி, பாட்டை ஏற்றித்தரும் ஒரு விநியோக நிறுவனத்துக்கு வருடச் சந்தா கட்ட மறந்தோம், நாலு பாட்டும் காணாமல் போயின. மின்னஞ்சலுக்குப் பதில் வர மூன்று வாரம். வேறு இடத்தில் திரும்ப ஏற்றியபோது எண்ணிக்கை பூஜ்யத்திலிருந்து. ஒவ்வொரு பாட்டுக்கும் 12 எழுத்து-எண் கொண்ட ஐஎஸ்ஆர்சி குறியீடு உண்டு. பழைய குறியீட்டையே கொடுத்திருந்தால் பழைய கணக்கு ஒட்டிக்கொண்டிருக்க வாய்ப்பிருந்தது. முதல் நாளே அதை ஒரு நோட்டில் எழுதி வையுங்கள்.

பெட்டி இப்போது எப்படி இருக்கிறது? சத்த அளவை மாற்றும் கெய்ன் திருகு ஒன்று திருப்பும்போது கரகரக்கிறது. கேபிள் மூன்று மாறிவிட்டது. ஒலியைக் கம்ப்யூட்டர் துண்டு துண்டாக வாங்கிவைக்கும் பஃபரை 128 சாம்பிளில் வைத்தால் இன்றும் தடங்கலின்றி ஓடுகிறது, பழைய லேப்டாப்பில் 512 வைத்தால் பாடுகிறவர் காதில் குரல் பின்தங்கி எரிச்சல் வரும். இதற்கு மேல் பெரியது வாங்கும் காசு இப்போது இருக்கிறது, மூன்று பேருக்குச் சம்பளம் வருகிறது. வாங்கவில்லை.

இந்த வருடம் பிப்ரவரியில் ஈரோட்டுப் பக்கத்துக் காலேஜ் பேண்டு ஒன்று கல்ச்சுரல்ஸில் எங்கள் பாட்டை வாசித்து எங்களை டேக் செய்திருந்தார்கள். பாட்டு முடிந்தது. கைதட்டல் தொடங்குவதற்குள் அந்த டிரம்மர் ஸ்னேரின் விளிம்பில் டடக் டடக் என்று ஆரம்பித்து, எட்டு தடவை ஏற்றிக்கொண்டே போய் நிறுத்துகிறார். தறியும் பாட்டில் சேர்த்தி என்றே பழகியிருக்கிறார். பெரியப்பாவிடம் போனைக் கொடுத்தோம். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு கடைசிவரை பார்த்தார்.

"நல்லாத்தான் அடிக்கறான். ஆனா இத்தன வேகத்துக்கு நம்ம தறி ஓடாது கண்ணு, நூலு அந்துரும்."