டர்பன் கிளப்பா, மக்கண்டா விழாவா?

வழக்கமான ஜோக்குகளை விட்டுப் புது வடிவங்களைச் சோதித்துப் பார்க்கும் நகைச்சுவையில் இறங்கும், தென்னாப்பிரிக்காவின் டர்பனிலுள்ள சட்ஸ்வொர்த் பகுதிப் பிள்ளைகளுக்கு இரண்டு வழி.

நகைச்சுவை கிளப்பில் ஓப்பன் மைக் (யாரும் பெயர் கொடுத்து மேடையேறலாம்) என்றால் சுமார் ஐந்து நிமிடம். மேஜை, புரொஜெக்டர் வைக்க நேரமில்லை. எடுத்ததும் நீண்ட மௌனம் காத்தால், மைக் கெட்டுவிட்டதென்று கூட்டம் பேசத் தொடங்கும். முதல் அரை நிமிடத்தில் ஒரு சிரிப்பை வாங்கிவிட்டு மௌனத்துக்குப் போங்கள். 1979இல் நியூயார்க்கின் கார்னகி ஹால் அரங்கின் பார்வையாளர்களைப் பேருந்துகளில் ஏற்றிப் பாலும் பிஸ்கட்டும் சாப்பிட அழைத்துப்போன அமெரிக்க நகைச்சுவைக் கலைஞர் ஆண்டி காஃப்மனும் அந்நகரக் கிளப்களில் பழகியவர்தான்.

1974இல் தொடங்கிய தென்னாப்பிரிக்க தேசியக் கலை விழா மக்கண்டா நகரில், குளிர்காலத்தில் நடக்கும். கலைஞர்கள் தாங்களே செலவு செய்து பங்கேற்கும் ஃபிரிஞ்ச் பிரிவில் ஏறத்தாழ ஒரு மணி நேரம் உங்களுடையது. புதுமையைத் தேடியே வருகிறார்கள். பயணம், தங்குமிடம், சுவரொட்டி உங்கள் செலவு. அரங்கு பொது, அடுத்த குழு காத்திருக்கும். சாமான் ஒரே பெட்டியில் அடங்க வேண்டும்.

கிளப்பில் பத்து நகைச்சுவைத் துண்டுகள் தேறும்வரை மக்கண்டாவுக்குப் பணம் கட்டாதீர்கள்.