வழக்கை மாற்றக் கேட்பதா, காணொலியில் ஆஜராவதா, தன் ஊரிலேயே மனு போடுவதா?

கணவர் கோவைக் குடும்ப நல நீதிமன்றத்தில் இந்துத் திருமணச் சட்டத்தின் கீழ் விவாகரத்து மனு தாக்கல் செய்துவிட்டார். மனைவியோ திருநெல்வேலியில் பிறந்த வீட்டில் கைக்குழந்தையோடு இருக்கிறார் என வைத்துக்கொள்வோம். ஒவ்வொரு வாய்தாவுக்கும் முந்தைய இரவே தகப்பனாரைத் துணைக்கு அழைத்துக்கொண்டு, வெந்நீர் பிளாஸ்க்கும் துணிப்பையுமாகப் பேருந்து ஏறி, காலையில் பெயர் கூப்பிடும்வரை வராந்தாவில் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு நின்று, அடுத்த மாதத் தேதியை மட்டும் வாங்கிக்கொண்டு அவர் திரும்ப வேண்டியிருக்கிறது. அவர் முன் இருப்பவை மூன்று வழிகள்.

பலரும் முதலில் நினைப்பது தன் ஊரிலேயே எதிர்வழக்கு தொடுப்பதைத்தான். மனைவி தான் வசிக்கும் இடத்திலேயே மனுச் செய்யலாம் என்று 2003இல் இந்துத் திருமணச் சட்டத்தின் 19ஆம் பிரிவில் சேர்த்த திருத்தம் அதற்கு இடம் தருகிறது. ஆனால், கணவரின் மனு முந்தியிருந்தால், பிந்திய விவாகரத்து மனு முந்திய மனு இருக்கும் நீதிமன்றத்துக்கே மாற்றப்பட வேண்டும் என்கிறது அதே சட்டத்தின் 21ஏ பிரிவு. எனவே அவசரப்பட்டுப் போடும் விவாகரத்து மனு அவரைக் கோவைக்கே இழுத்துவிடக்கூடும். ஜீவனாம்ச மனுவும் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தின் கீழான மனுவும் இந்தப் பிரிவுக்குள் வருவதில்லை. அவற்றைத் தன் ஊரில் தாக்கல் செய்வதே நல்லது.

காணொலி வழி பார்வைக்கு எளிது. 2017 மார்ச்சில் உச்ச நீதிமன்றம், வழக்கை மனைவியின் ஊர் நீதிமன்றத்துக்கு மாற்றுவதற்குப் பதிலாக இதை ஊக்குவித்தது. அதே ஆண்டு அக்டோபரில் மூன்று நீதிபதிகள் அமர்வு, இருவருக்கு ஒருவர் என்ற பெரும்பான்மையில், அந்த நிலையை மாற்றியது. சமரச முயற்சி தோற்ற பிறகு, இரு தரப்பும் சம்மதித்தால் மட்டுமே காணொலியை அனுமதிக்கலாம் என்றது. கொரோனாக் காலத்துக்குப் பின் இதன் பயன்பாடு பெருகியிருப்பது உண்மை. வேலையில் இருப்பவருக்கும் வெளிநாட்டில் வசிப்பவருக்கும் இது பெரிய உதவி. ஆயினும், கவுன்சலிங் நடக்கும் அறையில் தன் வலியை நேரில் சொல்ல வேண்டிய பெண்ணுக்கு, தம்பி கைப்பேசியில் விட்டுவிட்டுக் கேட்கும் குரல் ஈடாகாது என்பதே என் உறுதியான கருத்து.

ஆகவே, கைக்குழந்தையும் சொந்த வருமானமின்மையும் சேர்ந்திருக்கும் இடத்தில் வழக்கு மாற்று மனுவே சரியான வழி. மாநிலத்துக்குள் என்றால் உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் 24ஆம் பிரிவின்படி உயர் நீதிமன்றத்தையும், வேறு மாநிலத்துக்கு என்றால் 25ஆம் பிரிவின்படி உச்ச நீதிமன்றத்தையும் நாட வேண்டும். 21ஏ பிரிவு உச்ச நீதிமன்றத்தின் இந்த அதிகாரத்தைத் தடுக்காது என்று 1981இலேயே தீர்ப்பு உண்டு. வேலூரிலிருந்து சென்னைக்கு மாற்றக் கேட்ட வழக்கில் 2022இல் உச்ச நீதிமன்றம், இரு தரப்பின் பொருளாதார நிலை, பிழைப்பு, யாருடைய ஆதரவில் வாழ்கிறார்கள் என்பவற்றைப் பார்க்கச் சொல்லி, பொதுவாக மனைவியின் வசதியே கருதப்பட வேண்டும் என்றது. அதற்காக மாற்றம் தானாகக் கிடைத்துவிடாது. பெண்களுக்குக் காட்டும் இந்தச் சலுகை தவறாகப் பயன்படுத்தப்படுவதாக அதே நீதிமன்றம் முன்பே எச்சரித்திருக்கிறது. 'தூரமாக இருக்கிறது' என்று ஒரு வரி எழுதுவதைவிட, குழந்தையின் வயது, துணைக்கு வருபவரின் உடல்நிலை, பயணச் செலவு, தன் ஊரில் நிலுவையிலுள்ள ஜீவனாம்ச வழக்கின் எண் ஆகியவற்றைப் பிரமாணப் பத்திரத்தில் விவரமாகச் சொல்வது பலன் தரும்.

தூரம் குறைவாக இருந்து, கூட வர ஆளும் இருந்தால், மாற்றம் கேட்டு மாதங்களைக் கரைப்பதைவிட, இந்துத் திருமணச் சட்டத்தின் 24ஆம் பிரிவில் (மேலே சொன்ன 24 வேறு) இடைக்கால ஜீவனாம்சத்தோடு வழக்குச் செலவும் கேட்டு, வழக்கை அங்கேயே முடிப்பது மேல்.

மாற்று மனு போட்டதாலேயே கோவையில் விசாரணை நின்றுவிடாது. இடைக்காலத் தடை உத்தரவையும் சேர்த்துக் கேட்டுப் பெற வேண்டும். அது கைக்கு வரும்வரை ஒவ்வொரு வாய்தாவிலும் வழக்கறிஞர் மூலமாவது ஆஜராகி மனு நிலுவையில் இருப்பதைப் பதிவுசெய்யாவிட்டால், அவர் வராத நிலையில் ஒருதலையாக, அதாவது எக்ஸ்பார்ட்டியாக, தீர்ப்பாகிவிடலாம். பிறகு அதை நீக்கக் கோரியும் அதே கோவைக்குத்தான் பேருந்து ஏற வேண்டும்.