லேடெக்: பக்க எண் அடங்க மறுக்கும் முன்னுரைக்கு என்ன மருந்து?

கணித நூல்களுக்குப் பக்கம் அமைத்துக் கொடுப்பது என் தொழில். அதற்கு நான் பயன்படுத்தும் லேடெக் (LaTeX) மென்பொருளைப் புகழ்ந்து எழுத ஏற்கெனவே நிறையப் பேர் இருக்கிறார்கள். சமன்பாடுகள் அழகாக வரும், வரிகள் பதமாக உடையும், காசும் கேட்காது. எல்லாம் உண்மைதான். தன் பக்கங்களைத் தானே சுட்டிக்காட்டும் நூல் அதன் கையில் என்ன பாடு படுகிறது என்பதைப் பற்றி மட்டும் இங்கே எழுதுகிறேன்.

வேலை இப்படி நடக்கிறது. நூலில் ஓரிடத்தில் ஓர் அடையாளம் வைக்கிறோம். வேறோர் இடத்தில், அந்த அடையாளம் விழும் பக்க எண்ணைப் போடச் சொல்கிறோம். நூல் முழுவதையும் லேடெக் ஒருமுறை படித்துப் பக்கம் அமைப்பது ஓர் ஓட்டம். முதல் ஓட்டத்தில் எண் தெரியாது. அந்த இடத்தில் இரண்டு கேள்விக்குறிகள் அச்சாகும். ஒரு பக்கம் முழுதாகக் கட்டி முடிந்து வெளியேறும்போதுதான் அதன் எண் உறுதியாகிறது. அப்போது அது ஒரு துணைக் கோப்பில் பதிவாகும். அடுத்த ஓட்டம் அந்தக் கோப்பைப் படித்துக் கேள்விக்குறிகளை நிரப்பும். ஆகவே, இப்போது அச்சாகும் எண் சென்ற ஓட்டத்தில் இருந்த நூலுக்கு உரியது. கையில் இருக்கும் பிரதிக்கு அது பொருந்துமா என்பது தனிக் கேள்வி. இரண்டு பிரதிகளும் ஒன்றாகிவிட்டால் பிழைத்தோம். இல்லாவிட்டால், அடையாளங்கள் மாறியிருக்கலாம், மீண்டும் ஓட்டுங்கள் என்று எச்சரிக்கை வரும்.

1980-களின் தொடக்கத்தில் லேடெக்கை உருவாக்கிய லெஸ்லி லாம்போர்ட்தான், கடிகாரங்கள் ஒத்துப்போகாத கணினிகளுக்கிடையே எது முந்தியது, எது பிந்தியது என்று வரிசைப்படுத்தும் வழியை 1978-இல் எழுதியவர். முன்பின் வழக்கு அவரை விடுவதாக இல்லை போலும்.

பெரும்பாலான நூல்கள் சில ஓட்டங்களில் அடங்கிவிடும். அடங்காதது எது என்று பார்க்க ஒரு முன்னுரையை எடுத்துக்கொள்ளுங்கள். முன்னுரைப் பக்கங்களுக்கு ரோமன் எண் இடுவது மரபு. ரோமன் எட்டுக்கு (viii) நான்கு எழுத்து, ஒன்பதுக்கு (ix) இரண்டே எழுத்து. எட்டாம் பக்கத்தின் அடியில் ஒரு பத்தி. அதில் ஒரு பக்கக் குறிப்பு, அதாவது ஓர் அடையாளத்தின் பக்க எண்ணைச் சொல்லும் இடம். அந்தக் குறிப்பு சுட்டும் அடையாளமோ அதே பத்தியின் கடைசி வரியில். குறிப்பில் எட்டு என்று அச்சானால் நான்கு எழுத்தும் இடத்தை அடைத்து, பத்தி ஒரு வரி நீண்டு, கடைசி வரி ஒன்பதாம் பக்கத்துக்குப் போய்விடுகிறது. சரி, ஒன்பது என்று போட்டால்? இரண்டு எழுத்து குறைந்து, பத்தி சுருங்கி, அடையாளம் எட்டாம் பக்கத்துக்கே திரும்பிவிடுகிறது. எட்டு என்றால் ஒன்பது, ஒன்பது என்றால் எட்டு. விடிய விடிய ஓட்டினாலும் இதுதான் கதை.

இதற்கு நானே ஒரு தேற்றம் வைத்திருக்கிறேன். பெயர் ‘முன்பிரதித் தேற்றம்’. எந்தப் பாடநூலிலும் தேட வேண்டாம். ஒரே ஒரு பக்கக் குறிப்பு உள்ள நூலில், எண் வளர வளர அதன் அகலம் குறையாமலும், அகலம் கூடினால் அடையாளம் பின்பக்கத்துக்குத் தள்ளப்படுமே தவிர முன்பக்கத்துக்கு வராமலும் இருந்தால், அந்த நூல் என்றாவது நிலைகொள்ளும். நிரூபணம் இரண்டு வரி. அடுத்தடுத்த ஓட்டங்களில் கிடைக்கும் எண்கள் ஒரே திசையில்தான் நகர முடியும். ஓர் இலக்கம் கூடுவதால் ஒரு நூல் கணக்கின்றி நீண்டுவிடாது. எல்லைக்குள் ஒரே திசையில் நகரும் முழு எண்கள் எங்காவது நின்றே தீர வேண்டும். ரோமன் எண்கள் முதல் நிபந்தனையையே உடைக்கின்றன. குறிப்புகள் இரண்டு மூன்றானால் ஒன்று ஏற ஒன்று இறங்கலாம். தேற்றம் அங்கே கைவிரித்துவிடும். ‘அடுத்த பக்கத்தில்’, ‘12-ஆம் பக்கத்தில்’ என்று இடத்துக்கேற்பச் சொற்களையே மாற்றிப் போடும் வேரியோரெஃப் என்ற லேடெக் துணைத் தொகுப்பைச் சேர்த்தாலும் இதே ஆபத்து உண்டு.

தர்க்கவியலாருக்கு இந்த ஊசலாட்டம் பழகியது. ‘இந்த வாக்கியம் பொய்’ என்பதை மெய்யென்று வைத்தால் பொய்யாகும், பொய்யென்று வைத்தால் மெய்யாகும். 1980-களில் அனில் குப்தா போன்றோர் முன்வைத்த திருத்தக் கோட்பாடு, அந்த வாக்கியத்துக்கு ஒரு மதிப்பைத் திணிக்காமல், கட்டம் கட்டமாக அது மாறிக்கொண்டே போவதைத்தான் ஆராய்கிறது. லேடெக்கின் துணைக் கோப்பு அந்தக் கட்டங்களை வட்டில் எழுதிவைக்கிறது, அவ்வளவுதான்.

என் மனக்குறை ஒன்றே. அடங்கப்போகும் நூலுக்கும் அடங்கவே அடங்காத நூலுக்கும் லேடெக் ஒரே எச்சரிக்கையைத்தான் தருகிறது. சென்ற ஓட்டத்தை மட்டும் பார்க்கிறதே தவிர அதற்கு முந்தையதை நினைவில் வைப்பதில்லை. வைத்திருந்தால், இதே எண் மறுபடி வந்துவிட்டது, சுழற்சியில் மாட்டிக்கொண்டோம் என்று சொல்லிவிடலாம். 2023-இல் பொதுவில் வந்த டைப்ஸ்ட் என்ற பக்க அமைப்பு மென்பொருள் இதில் கொஞ்சம் நேர்மையானது: ஐந்து முறை அமைத்துப் பார்க்கும், நிலைகொள்ளாவிட்டால் நிலைகொள்ளவில்லை என்றே அறிவிக்கும். ஆனாலும் சமன்பாடுகள் நிறைந்த பெரிய நூலை இன்னும் லேடெக்கில்தான் அமைக்கிறேன். தொகுப்புகளின் வளத்தில் அதை நெருங்க மற்றவற்றுக்கு நாளாகும். லேடெக்குக்கு அடியில் ஓடும் டெக் (TeX) என்ற மூல மென்பொருளின் நிதானமும் ஒரு காரணம். டெக்கை எழுதிய டொனால்ட் க்னூத் அதன் பதிப்பு எண்ணை ஒவ்வொரு திருத்தத்துக்கும் ஓர் இலக்கம் நீட்டி, பை மதிப்பை நோக்கி நகர்த்துகிறார், 2021-இல் 3.141592653 ஆனது. நிலைகொள்வதைப் பதிப்பு எண்ணிலேயே காட்டும் மென்பொருள் அரிது.

சுழற்சியில் மாட்டினால் வழி இருக்கிறது. வாக்கியத்தில் ஒரு சொல்லைக் கூட்டியோ குறைத்தோ பத்தியை விளிம்பிலிருந்து நகர்த்துவது எளிது. பத்தியைத் தொடக் கூடாது என்று ஆசிரியர் அடம்பிடித்தால், பக்க எண்ணை நிலையான அகலமுள்ள பெட்டிக்குள் போடுங்கள். எட்டானாலும் ஒன்பதானாலும் ஒரே இடம்தான் பிடிக்கும், ஊசல் நின்றுவிடும். ஒன்பது வரும்போது எண்ணுக்குப் பக்கத்தில் கொஞ்சம் வெற்றிடம் தெரியும். அது எனக்குச் சகிக்காது என்பதால் முன்னுரைகளில் பக்க எண்ணைச் சுட்டுவதையே விட்டுவிட்டு, இயல் எண்ணைச் சுட்டச் சொல்லிவிடுகிறேன்.