மார்கழி சூப்: பாசிப்பருப்பா, சோளமாவா?

காரைக்குடியில் மார்கழி விடியல் சில்லென்று இருக்கும். அந்த நேரத்துக் காய்கறி சூப் வயிற்றை நிறைக்க வேண்டும். அதைக் கெட்டியாக்கச் சோளமாவு (கார்ன்ஃப்ளோர்) என்றால் வேலை சீக்கிரம் முடியும். 2 டீஸ்பூன் மாவைப் பச்சைத் தண்ணீரில் கரைத்து, கொதிக்கும் சூப்பில் ஊற்றினால் கெட்டியாகிவிடும். ஆனால் அது ருசியைக் கூட்டாது. நெடுநேரம் கொதித்தால் நீர்த்துப்போகும்.

எனக்குப் பாசிப்பருப்புதான். ஒரு கைப்பிடியை வாசம் வர வறுத்து, கேரட், பீன்ஸ், சின்ன வெங்காயம், தக்காளியோடு குக்கரில் 3 விசில் விடுங்கள். பாதியை மசித்துச் சேருங்கள். அப்புறம் நல்லெண்ணெயில் சோம்பும் துளி கல்பாசியும் தாளித்து, மிளகை இடித்துத் தூவுங்கள். எங்கள் ஊர் மணமே அந்தக் கல்பாசியில்தான் இருக்கிறது! புரதமும் கிடைக்கும். ஆறினால் இறுகும், கொஞ்சம் வெந்நீர் விட்டுச் சுடவைத்தால் சரியாகிவிடும்.