கேமராவையும் இயக்குநரே பிடிப்பதா, ஒளிப்பதிவாளரை வைத்துக்கொள்வதா?

சுயாதீனமாகப் படம் எடுக்க வருகிறவர் முதலில் முடிவு செய்யவேண்டியது இதைத்தான்.

பணத்தை மட்டும் பார்த்தால், தானே எடுப்பது லாபம். அதைவிடப் பெரிய லாபம், இன்னொருவரின் தேதிக்காகக் காத்திருக்க வேண்டாம் என்பது. கிறிஸ்டோபர் நோலன் 1998இல் வெளிவந்த தன் முதல் படத்தை 16 எம்.எம். ஃபிலிமில் வாரக் கடைசிகளில் தானே படம்பிடித்தார். அப்படி மாதக்கணக்கில் இழுக்கும் படத்துக்கு இன்னொருவரைக் கட்டிவைப்பது கஷ்டம். இரண்டு படங்களுக்கு நடுவே பிறருக்கு ஒளிப்பதிவு செய்து சம்பாதிக்கவும் இந்தக் கைத்தொழில் உதவும்.

ஆவணப்படம் என்றால் யோசிக்கவே வேண்டாம், தானே எடுப்பதுதான் நல்லது. சின்ன அறையில் ஆள் குறைந்தால் பேசுகிறவர் மனம்விட்டுப் பேசுவார்.

கதைப்படத்தில்தான் சிக்கல். லென்ஸின் துளையை 1.4 அளவுக்கு அகலமாகத் திறந்து வைத்தால் கூர்மையாகத் தெரியும் ஆழம் மிகக் குறைவு; முகம் லேசாக அசைந்தாலே கண்கள் மங்கிவிடும். ஃபோகஸையும் ஃபிரேமின் ஓரத்தையும் கவனிக்கும் இயக்குநருக்கு, வசனத்துக்கு நடுவே நடிகர் தடுமாறியது தெரியாமல் போகும். எடிட்டிங்கில் தெரியும்போது நடிகர் ஊருக்குப் போயிருப்பார். தானே எடுப்பவர்கள் துளையை 4 அல்லது 5.6க்கு (எண் கூடக்கூடத் துளை சிறிதாகும்) மூடி, அகலமான லென்ஸில் எடுத்தால் இந்தப் பாரம் பாதி குறையும். வெளிச்சம் கூடுதலாகத் தேவைப்படும், அவ்வளவுதான்.

அமெரிக்க இயக்குநர் ஸ்டீவன் சோடர்பெர்க்கை எல்லோரும் உதாரணம் காட்டுவார்கள். பீட்டர் ஆண்ட்ரூஸ் என்ற புனைபெயரில் தன் படங்களுக்குத் தானே ஒளிப்பதிவு செய்கிறவர் அவர். சரி, ஆனால் அவரைச் சுற்றி லைட்டிங்குக்கும் ஃபோகஸுக்கும் தேர்ந்த ஆட்கள் இருக்கிறார்கள். அந்தத் துணை இல்லாத புதியவர் அவரை அப்படியே பின்பற்றினால் களைத்துப்போவார்.

எனக்குப் பிடித்தது சத்யஜித் ராயின் வழி. 1964இல் 'சாருலதா'விலிருந்து கேமராவை அவரே இயக்கினார். அந்தப் படத்தில் ஒளியமைப்பை ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா பார்த்துக்கொண்டார். ஃபிரேம் இயக்குநர் கையில் இருக்கும். விளக்கு மாற்றும் நேரத்தில் அவர் நடிகர்களோடு உட்கார்ந்து பேசலாம். முதல் கதைப்படத்துக்கு நான் இதையே சொல்வேன்.

அப்புறம், ஒரே ஒருவருக்குத்தான் சம்பளம் தரமுடியும் என்றால் அது ஒலிப்பதிவாளராக இருக்கட்டும். கேமராவைப் பிடித்துக்கொண்டே மைக்கையும் ஒருவரால் ஒழுங்காகக் கவனிக்க முடியாது.