இலவசம்தான், சும்மா வராது: ஆர்த்தோ துறைக்கு ரெட்கேப்

மூட்டு மாற்று செய்யும் துறை ஒன்றின் எக்செல் மாஸ்டர் சார்ட்டைத் திறந்து, "எந்தப் பக்கம்" என்ற நெடுவரிசையை மட்டும் மேலிருந்து கீழே படியுங்கள். ஆர், ஆர்டி, ரைட், ரைட் டிகேஆர் (வலது முழங்கால் மாற்று), வலது, பைலேட்டரல், நடுவில் இரண்டு வெற்றுக் கட்டம். அடுத்த நெடுவரிசையில் முழங்கால் மடங்கும் அளவு: 0-110, 110, 10 முதல் 95, "நன்றாக மடங்குகிறது". தீசிஸ் கொடுக்க மூன்று வாரம் இருக்கும்போது முதுநிலை மாணவர் இதைச் சீர்செய்ய உட்காருவார். சீர்செய்வது என்றால் பாதிக்கு மேல் ஊகம்தான். ஆய்வுத் தரவைப் பதியும் மென்பொருளான ரெட்கேப் அடைப்பது இந்த ஓட்டையை. வேறு ஓட்டைகளை அது அடைக்காது என்பதையும் முதலிலேயே சொல்லிவிடுவோம்.

அமெரிக்காவின் வாண்டர்பில்ட் பல்கலைக்கழகத்தில் 2004இல் உருவானது இது. பிரவுசரிலேயே படிவம் வடிவமைக்கலாம், நோயாளி விவரம் பதியலாம், நோயாளிக்கே கேள்வித்தாள் அனுப்பலாம், முடிவில் எஸ்பிஎஸ்எஸ், ஸ்டேட்டா, ஆர் என்ற புள்ளியியல் மென்பொருள்களில் எதற்கு வேண்டுமோ அதற்கேற்ற கோப்பாக இறக்கிக்கொள்ளலாம். லாப நோக்கமற்ற நிறுவனங்களுக்குக் கட்டணம் கிடையாது. ஆனால் ஓப்பன் சோர்ஸ் அல்ல. உரிமம் மருத்துவருக்கு அல்ல, நிறுவனத்துக்குத்தான். வாண்டர்பில்ட்டுடன் நிறுவனம் ஒப்பந்தம் போட்டு, பிஎச்பி மொழியும் மைஎஸ்க்யூஎல் தரவுத்தளமும் ஓடும் தன் சொந்த சர்வரில் நிறுவ வேண்டும். பெயரில் ஒத்துப்போகும் வணிகப் பொருள் ஒன்று சந்தையில் இருக்கிறது, அது வேறு. விலை கேட்டு மெயில் அனுப்புமுன் எது என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

இலவசம் என்ற சொல்லில் மறைந்திருப்பது ஓர் ஆளின் சம்பளம். சர்வருக்குப் பாதுகாப்புப் பேட்ச் போட, தினமும் பேக்கப் எடுக்க, எடுத்த பேக்கப் உண்மையிலேயே திறக்கிறதா என்று பார்க்க, பயனர் கணக்குகளைக் கவனிக்க ஒருவர் வேண்டும். முழுநேரம் தேவையில்லை, ஆனால் அவர் பெயர் ஒரு தாளில் இருக்க வேண்டும். கல்லூரியில் ஏற்கெனவே ரெட்கேப் இருந்தால் அதிர்ஷ்டம், உடனே கணக்குக் கேளுங்கள். இல்லையென்றால், கணினி தெரிந்த இளம் மருத்துவர் ஒருவரை நம்பி வாடகை சர்வரில் நிறுவ வேண்டாம். அவர் ஃபெல்லோஷிப்புக்குப் போன மாதத்தில் அந்த சர்வர் அனாதையாகும், உள்ளே நோயாளிகளின் பெயரும் கைபேசி எண்ணும் இருக்கும்.

கருவியின் தரம் தெரிவது வடிவமைப்பில்தான். ஆர்த்தோவில் அது ஒரே கேள்வியில் நின்று முட்டும்: ஒரு ரெக்கார்டு என்பது ஆளா, முழங்காலா?

வலது முழங்காலை மார்ச்சிலும் இடதைச் செப்டம்பரிலும் மாற்றிக்கொள்ளும் நோயாளியை எடுத்துக்கொள்வோம். வலதுக்கு ஆறு மாத ஃபாலோ-அப் வரும் நாளில் இடதுக்கு அறுவை சிகிச்சைக்கு முந்தைய மதிப்பெண் எடுக்க வேண்டும். ஆளை ஒரு ரெக்கார்டாக வைத்து, முழங்காலைத் திரும்ப நிரப்பும் படிவமாக வைப்பதுதான் பலருக்கும் முதலில் தோன்றும் வழி. அது பாதி வழியில் உடையும். திரும்ப நிரப்பும் படிவத்துக்குள் இன்னொரு திரும்பல் வைக்க ரெட்கேப்பில் இடமில்லை. ஒவ்வொரு முழங்காலுக்கும் கீழே ஆறு வாரம், மூன்று மாதம், ஓராண்டு என்று வரிசை கட்ட முடியாமல், எந்த மதிப்பெண் எந்தக் காலுக்கு என்பது கலங்கிவிடும். சரியான வழி, முழங்காலையே ஒரு ரெக்கார்டாக வைத்து, ஃபாலோ-அப்களை, ஒரே படிவத்தைக் காலம் விட்டுக் காலம் பதியும் லாஞ்சிட்யூடினல் முறையில் நிகழ்வுகளாக வரையறுத்து, ஆளைக் குறிக்கும் இன்னோர் எண்ணைத் தனிப் புலமாக (ஒரு விவரத்தை நிரப்பும் கட்டமாக) வைப்பது. ரெக்கார்டு எண்ணைத் தானே ஓடவிடுங்கள். மருத்துவமனை எண்ணையும் பக்கத்தையும் சேர்த்து ஒரு புலமாக்கி, அதை மறுமுறை வரக்கூடாத இரண்டாம் அடையாளம் என்று அமைத்தால், ஒரே காலை இரண்டு பேர் இரண்டு முறை பதிவது நிற்கும். ஒரு சங்கடம் மிச்சமிருக்கும்: உடல்நலம் முழுவதையும் கேட்கும் இக்யூ-5டி போன்ற தாள்கள் ஆளுக்கு ஒன்று, காலுக்கு ஒன்றல்ல. அதை முதல் காலின் ரெக்கார்டில் மட்டும் வைத்து, அப்படித்தான் வைத்திருக்கிறோம் என்று புரோட்டோகாலில் எழுதிவிடுங்கள். புள்ளியியலாளரிடம் கொடுக்கும்போது அந்த ஆள் எண்ணைக் கட்டாயம் காட்டுங்கள். ஒரே ஆளின் இரண்டு கால்கள் இரண்டு தனித்தனி நோயாளிகள் அல்ல.

அடுத்த குழி மதிப்பெண். நோயாளியின் வலியையும் நடமாட்டத்தையும் கேட்டு எண்ணாக்கும் ஆக்ஸ்ஃபோர்ட் முழங்கால் மதிப்பெண்ணில் 12 கேள்விகள், கடந்த நான்கு வாரத்தைப் பற்றியவை. இப்போதைய முறையில் ஒவ்வொன்றுக்கும் 0 முதல் 4, மொத்தம் 48, கூடினால் நல்லது. பழைய முறையில் 1 முதல் 5, மொத்தம் 12 முதல் 60, கூடினால் மோசம். பழைய கட்டுரையின் படிவத்தைப் பார்த்துத் தட்டச்சு செய்பவர்கள் இங்கே தலைகீழாக விழுகிறார்கள். பழைய எண்ணை 60இலிருந்து கழித்தால் புதியது கிடைக்கும். ஆனால் ஒரே ப்ராஜெக்டில் இரண்டும் கலந்திருந்தால் பிரித்தெடுப்பது கஷ்டம். தாளைப் பயன்படுத்த உரிமம் வாங்க வேண்டும் என்பதையும் மறக்க வேண்டாம்.

கூட்டுவதை ரெட்கேப்பின் கணக்குப் புலத்திடம் விடலாம். இரண்டு வழி உண்டு, இரண்டுக்கும் குணம் வேறு. கூட்டல் குறி போட்டு எழுதினால், ஒரே ஒரு கேள்வி காலியாக இருந்தாலும் விடை காலிதான். "சம்" என்ற ஃபங்ஷனில் எழுதினால், காலியானதை விட்டுவிட்டு மீதியைக் கூட்டிக் கொடுக்கும். பன்னிரண்டுக்கும் 3 போடக்கூடிய நோயாளிக்கு 36 வர வேண்டும். அவர் மூன்று கேள்வியைத் தாண்டிப்போனால் சம் 27 என்று காட்டும், எச்சரிக்கை எதுவும் வராது. அட்டவணையில் அது தோற்றுப்போன முழங்கால் போலத் தெரியும். ஆக்ஸ்ஃபோர்ட் விதிப்படி இரண்டு கேள்வி வரை விட்டிருந்தால் மற்றவற்றின் சராசரியை அந்த இடத்தில் வைக்கலாம், அதற்கு மேல் போனால் மதிப்பெண்ணே கிடையாது. எனவே காலியானவற்றை எண்ணும் புலம் ஒன்று, அது 2க்கு மேல் போகாவிட்டால் மட்டும் சராசரியை 12ஆல் பெருக்கும் புலம் ஒன்று என இரண்டாக எழுதுங்கள். இன்னொன்று: ஃபார்முலாவை நடுவில் திருத்தினால் பழைய ரெக்கார்டுகள் தாமாக மாறாது. ஒவ்வொன்றையும் திறந்து சேமிக்க வேண்டும், அல்லது டேட்டா குவாலிட்டி பக்கத்தில், கணக்குப் புலங்களின் தவறான விடையைக் காட்டும் ரூல் எச்-ஐ ஓட்டித் திருத்த வேண்டும். இந்த ஒரு ரூலைத் தெரியாமல் பழைய கணக்கையே வைத்துக்கொண்டு ஆய்வு முடிப்பவர்கள் உண்டு.

சம்மணமிட்டு உட்காருவதும் தரையிலமரும் கழிப்பறையும் நம் நோயாளிகள் முதலில் கேட்கும் இரண்டு விஷயங்கள். ஆக்ஸ்ஃபோர்டில் மண்டியிட்டு எழுவது உண்டு, இவை இரண்டும் இல்லை. தனிப் புலமாகச் சேருங்கள். பன்னிரண்டோடு கூட்டிவிட வேண்டாம்.

மடக்கும் அளவுக்கு இரண்டு முழு எண் புலம் போதும்: எவ்வளவு மடங்குகிறது, நீட்டும்போது எவ்வளவு குறை. குறைந்தபட்சம் 0, அதிகபட்சம் 150 என்று கொடுக்கலாம். இங்கே பலர் ஏமாறுகிறார்கள். இந்த வரம்பு வெறும் எச்சரிக்கைதான். 110க்குப் பதில் 1100 அடித்தால் ஒரு பெட்டி வந்து கேட்கும், மூடிவிட்டால் சேமித்துக்கொள்ளும். எழுத்தை அடித்தால்தான் விடாது. "கட்டாயம்" என்று குறித்த புலமும் அப்படியே, நினைவூட்டும், தடுக்காது. ஓபியில் நூறு பேர் காத்திருக்கையில் பெட்டியை மூடுவதுதான் இயல்பு. ஆகவே வாரம் ஒருமுறை டேட்டா குவாலிட்டி விதிகளை ஓட்ட ஒரு நாள் குறியுங்கள். ஆயத்தமாக உள்ளவை போக, அறுவை சிகிச்சைத் தேதி சேர்க்கைத் தேதிக்கு முன்னால் வந்தால் காட்டு என்பது போல இரண்டு மூன்று சொந்த விதி எழுதினால் பெரும்பாலான தட்டச்சுப் பிழை பிடிபடும்.

தெரிவுகளின் குறியெண்ணை மாற்றுவது இதைவிட ஆபத்து. 1 வலது, 2 இடது என்று நூறு பேரைப் பதிந்த பிறகு யாரோ பட்டியலை அழகுபடுத்த வரிசையை மாற்றி 1 இடது ஆக்கினால், நூறு பேருக்கும் கால் மாறிவிடும். கிடங்கில் இருப்பது எண் மட்டும்தான். ப்ராஜெக்டை உண்மைப் பதிவுக்கான புரொடக்ஷன் நிலைக்கு மாற்றிவிட்டுப் பதியத் தொடங்கினால், இப்படிப்பட்ட திருத்தத்தைக் கருவி சிவப்பில் காட்டும். வடிவமைப்புக்கான டெவலப்மெண்ட் நிலையிலேயே உண்மை நோயாளிகளைப் பதியும் வழக்கத்தை மட்டும் எந்தத் துறைத் தலைவரும் அனுமதிக்கக் கூடாது.

தமிழ் எப்படி? படிவத்திலும் சர்வேயிலும் நன்றாகத் தெரிகிறது. 12ஆம் பதிப்பில் வந்த பன்மொழி வசதியால் ஒரே கேள்வித்தாளைத் தமிழிலும் ஆங்கிலத்திலும் வைத்து, நோயாளியே மாற்றிக்கொள்ளும்படி செய்யலாம். சிக்கல் எக்செல் பக்கம். எல்லாப் புலங்களின் பட்டியலான டேட்டா டிக்ஷனரியை இறக்கி எக்செல்லில் திருத்தி, சாதாரண சிஎஸ்வியாகச் சேமித்தால் தமிழ் முழுவதும் கேள்விக்குறியாகும். "சிஎஸ்வி யுடிஎஃப்-8" என்று தேர்ந்தெடுத்துச் சேமியுங்கள். தரவை இறக்கிய கோப்பையும் எக்செல்லில் இருமுறை தட்டித் திறக்காதீர்கள், 00451 என்ற மருத்துவமனை எண் 451 ஆகிவிடும். ஒப்புதல் படிவத்தை மின்வழியில் வாங்கினால் அது பிடிஎஃப்பாகச் சேரும். கெ, கொ, கை எல்லாம் ஒழுங்காக விழுகின்றனவா என்று எத்திக்ஸ் கமிட்டிக்குப் போகும் முன்பே ஒரு பிரதி எடுத்துப் பாருங்கள்.

இனி நோயாளி பக்கம். பாஸ்டனில் எர்னஸ்ட் காட்மன் என்ற அறுவை மருத்துவர் நூறாண்டுக்கு முன் ஒவ்வொரு நோயாளிக்கும் ஓர் அட்டை வைத்து, ஓராண்டு கழித்து என்ன ஆனது என்று தேடிக் கண்டு எழுதினார். 1911 முதல் 1916 வரை தன் மருத்துவமனையிலிருந்து வீடு திரும்பிய 337 பேரில் 123 பிழைகள் என்று தானே அச்சிட்டும் வெளியிட்டார். ரெட்கேப் அந்த அட்டையை அருமையாகச் செய்து கொடுக்கிறது. தேடிக் கண்டுபிடிக்கும் வேலை அன்று போலவே இன்றும் ஆளின் வேலை. தானியங்கி அழைப்பு மின்னஞ்சலில் போகும், நம் நோயாளிகளில் மின்னஞ்சல் பார்ப்பவர் சிலரே. ட்விலியோ என்ற கட்டணச் சேவை வழியாக எஸ்எம்எஸ் அனுப்பலாம், ஆனால் செலவும் பதிவு நடைமுறையும் சேரும். நடைமுறையில் வேலை செய்வது, ஓபியில் காத்திருக்கும்போதே டேப்லெட்டில் நிரப்பச் செய்வதும், வராதவருக்குத் தொலைபேசியில் கேட்டு ஊழியர் பதிவதும்தான். "யார் நிரப்பியது" என்று ஒரு புலம் வையுங்கள்: நோயாளியே, மகன் அல்லது மகள், ஊழியர். அறுவை செய்த மருத்துவரே எதிரில் நின்று "வலி இருக்காம்மா?" என்று கேட்டால் "பரவாயில்லைங்க டாக்டர்" என்றுதான் பதில் வரும், அது மதிப்பெண் அல்ல.

செயலிகள் இரண்டு, குழப்பிக்கொள்ள வேண்டாம். ரெட்கேப் மொபைல் ஆப் இணையமில்லாத இடத்தில் ஊழியர் பதிவதற்கு. மைகேப் நோயாளியின் கைபேசிக்கு. முதலாவதை இரண்டு டேப்லெட்டில் ஓட்டினால் இரண்டும் ஒரே ரெக்கார்டு எண்ணைக் கொடுத்து மோதும், ஒவ்வொன்றுக்கும் முன்னொட்டு வைத்துவிடுங்கள்.

பாதுகாப்பில் குறை சொல்ல அதிகமில்லை. யார், எப்போது, எதை மாற்றினார் என்று எல்லாமே பதிவாகிறது. பெயர், எண், முகவரிப் புலங்களை அடையாளம் என்று குறித்துவிட்டால் அவை இல்லாமல் தரவை இறக்க ஒருவருக்கும், முழுதாக இறக்க இன்னொருவருக்கும் உரிமை கொடுக்கலாம். தேதிகளை ரெக்கார்டுக்கு ரெக்கார்டு வேறு அளவில் நகர்த்திக் கொடுக்கும் வசதி அழகானது. ஒரு ரெக்கார்டின் எல்லாத் தேதியும் ஒரே அளவு நகர்வதால் இம்ப்ளாண்ட் எத்தனை நாள் தாங்கியது என்ற கணக்கு கெடுவதில்லை. எக்ஸ்ரே படத்தை ஏற்ற முடியும் என்றாலும் ஏற்றாதீர்கள். மூலையில் பெயர் இருக்கும், அந்தப் படத்தில் யாரும் திரும்ப அளக்கப் போவதுமில்லை. கோணத்தை மருத்துவமனையின் படச் சேமிப்பு அமைப்பான பேக்ஸில் அளந்து எண்ணை மட்டும் பதியுங்கள், கால் வில்போல வளையும் வேரஸுக்கு எந்தக் குறி என்று புலத்தின் பக்கத்திலேயே எழுதிவைத்து.

ஒரே ஒருமுறை கேட்டு முடியும் சர்வேக்கு இவ்வளவு தேவையில்லை, கோபோடூல்பாக்ஸோ எபிகலெக்ட்5-ஓ போதும். ஒரே ஆளை இரண்டாண்டு பின்தொடர்வது என்றால் ரெட்கேப்புக்கு நிகராக இலவசத்தில் வேறு எதையும் பரிந்துரைக்க மாட்டோம்.

தொடங்குமுன் ஐந்து போலி நோயாளிகளை உருவாக்கி இரண்டாண்டு வரை முழுக்க ஓட்டிப் பாருங்கள். ஒருவர் எல்லாத் தேதிக்கும் ஒழுங்காக வருபவர். ஒருவர் இரண்டு காலையும் ஆறு மாத இடைவெளியில் மாற்றிக்கொண்டவர். ஒருவர் மூன்று மாதத்துக்கும் ஆறு மாதத்துக்கும் நடுவில், ஐந்தாம் மாதம் வந்து நிற்பவர். ஒருவருக்குச் சீழ் வைத்து ரிவிஷன் (மறு அறுவை). ஒருவர் ஒன்பதாம் மாதம் மாரடைப்பில் இறந்துவிட்டவர், அவர் வீட்டுக்கு ஓராண்டுக் கேள்வித்தாள் போகாமல் நிற்கிறதா என்று பாருங்கள்.